பெயர் போடாத பக்கம்

சுடுகாட்டிலிருந்து வீடு திரும்பியவர்கள்: மகள், அவளுடைய அண்ணன், மாடி வீட்டு அத்தை, பத்திரிகை ஆசிரியர், அவருடைய டிரைவர். ஊரையே திட்டித் தலையங்கம் எழுதிய மனிதருக்கு இவ்வளவு பேர் வந்ததே அதிகம்.

அண்ணன் வாசலில் நின்று போனில் விமான டிக்கெட்டை மாற்றிக்கொண்டிருந்தான். அத்தை டீ கொண்டுவந்தாள்.

"அவர் இருந்திருந்தா இந்த டீக்கும் ஒரு கண்டனம் எழுதியிருப்பார்," என்றார் ஆசிரியர்.

"வேணும்னா குடிங்க. இல்லேன்னா அப்படியே வச்சிடுங்க," என்று சொல்லிவிட்டு அத்தை மாடியேறினாள்.

மகள் சிரிக்கவில்லை. அப்பாவுக்கு வாய் கோணிப் பேச்சு நின்றதிலிருந்து தலையங்கங்களை அவள்தான் எழுதிவந்தாள். படித்துக் காட்டுவாள். சரியென்றால் இடது கையால் கட்டிலைத் தட்டுவார். இல்லையென்றால் கண்ணை மூடிக்கொள்வார். தலையங்கத்துக்குக் கீழே பெயர் போடும் வழக்கம் இல்லை. அலுவலகத்தில் யாரும் எதுவும் கேட்கவில்லை.

ஆசிரியர் குரலைத் தாழ்த்தினார்.

"அப்பா எப்ப போனார்?"

"விடிகாலையில."

"காலை பதினோரு மணிக்குத் தலையங்கம் வந்துதே."

தினமும் அந்த நேரத்துக்குள் அனுப்பியாக வேண்டும். இறப்புச் சான்றிதழுக்காக டாக்டருக்குக் காத்திருந்தபோது கை தானாக எழுதி முடித்து அனுப்பிவிட்டது. இன்று தட்டத்தான் ஆளில்லை.

"நல்லா வந்திருக்கு," என்றார். "நாளைக்கு அவர் பேர் போட்டு வரும். கடைசித் தலையங்கம்னு. நம்ம பேப்பர்ல இதுவரைக்கும் யாருக்கும் போட்டதில்ல."

"சார், அது..."

"எதுவும் சொல்லாதம்மா. சொன்னா இத்தனை மாசத்துக்கும் நான் பதில் சொல்லணும். அவர் பேரும் நாறிப்போகும்."

"நாளன்னைக்கு யார் எழுதுவா?"

"காலேஜ் புரொபசர் ஒருத்தர் ரொம்ப நாளா கேட்டுக்கிட்டிருக்கார்."

"எனக்கு எழுத வரும் சார்."

"வரும்னு தெரியுது. தெரிஞ்ச மாதிரி காட்டிக்க முடியாது."

ஆறிய டீயை அவர் ஒரே மடக்கில் குடித்தார். அவள் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"மூணாவது பத்தியில அணை கட்டின வருஷம் தப்பு," என்றாள். "சரிபார்த்துப் போடச் சொல்லுங்க."

"சரிம்மா," என்று ஆசிரியர் எழுந்து வெளியே போனார்.

அண்ணன் பெட்டியோடு வந்தான். "சார் போற வழியில என்னை ஏர்போர்ட்ல விட்டுடறேங்கறார். வரட்டுமா?"

"ம்."

ஆசிரியர் வெளியே குனிந்து ஷூ கயிற்றைக் கட்டிக்கொண்டிருந்தார். அவர் நிமிர்வதற்குள் அவள் கதவைச் சாத்திப் பூட்டினாள்.