அலை வரட்டும்

வினிதாவுக்கு அது முதல் படம். சாயங்காலத்துக்குள் இசை சரிவராவிட்டால் அதுவும் கைநழுவிப் போய்விடும்.

படத்தின் உச்சக் காட்சி இதுதான்: நாற்பத்தேழாம் வருஷம் ஆகஸ்ட் பதினைந்து. விடுதலைச் செய்தி கேட்ட குப்பத்து மக்கள் கொடி கட்டிய படகைக் கடலில் தள்ளுகிறார்கள். அதற்கு வினிதா நாற்பது வயலின்களை வைத்து வானத்தையே கிழித்திருந்தாள். கேட்டுவிட்டு இயக்குநர் ரவிச்சந்திரன் உதட்டைப் பிதுக்கினார்.

"எந்த நாட்டுக்கு விடுதலை கிடைச்சாலும் இதைப் போட்டுக்கலாம்மா. நம்ம கரைக்குக் கிடைச்ச மாதிரி இல்லையே. சாயங்காலம் வரேன். அப்பவும் வரலைன்னா வேற ஆளைப் பார்த்துக்கறேன்."

அழுது என்ன ஆகப்போகிறது? மாமல்லபுரத்தை ஒட்டிய தேவனேரியில், தங்கியிருந்த விடுதி அறையையே ஒலிப்பதிவுக் கூடமாக்கினாள். படகு தள்ளும்போது பாடும் பாட்டைப் பாடச் சொல்லி, படகுக்காரர் பக்தவச்சலத்தையும் கூட்டாளிகளையும் கெஞ்சிக் கூட்டிவந்து உட்காரவைத்தாள். ஜன்னலெல்லாம் மூடியாயிற்று. ஆளுக்கொரு ஹெட்போன், அதில் டிக் டிக்கென்று தாளம். கல்பாக்கத்து விஞ்ஞானி பெற்ற பெண் அல்லவா, எதையும் அளந்துதான் செய்வாள்.

"ஏ... தூக்கித் தள்ளு!" என்று பக்தவச்சலம் குரல் கொடுக்க, மற்றவர்கள் வாங்கிப் பாட, அறையே அதிர்ந்தது. வினிதாவுக்கு மயிர்க்கூச்செறிந்தது. அடுத்த அடி வரவில்லை. அத்தனை பேரும் மூடிய ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

மறுபடி ஆரம்பித்தார்கள். அதே இடத்தில் நின்றது.

"ஏண்ணா நிறுத்திடறீங்க?"

"இன்னும் அல வர்லியேம்மா."

சொன்ன பிறகுதான் பக்தவச்சலம் சுவரைப் பார்த்தார். நாக்கைக் கடித்துக்கொண்டார். "அட, ரூமுல குந்திகினு கீறோம்! அல வந்து படகத் தூக்குனாத்தான் அடுத்த அடி வாயில வரும். டேய் விஷாலு, நீயாச்சும் பாடறதுக்கு இன்னா?"

"நானும் அலைக்குத்தான் மச்சான் பாத்துகினு இருந்தேன்!"

எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். வினிதா மட்டும் துள்ளி எழுந்தாள். காத்திருப்பதுதான் இந்தப் பாட்டு! இத்தனை காலம் காத்திருந்த ஜனங்களுக்கு, விடாமல் ஓடும் ஒரு மெட்டை அல்லவா போட்டுத் தொலைத்தோம்! அவளுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை.

மைக்கைத் தூக்கிக்கொண்டு, பாட அவர்களையும் இழுத்துக்கொண்டு கரைக்கு ஓடினாள். உண்மைப் படகு, உண்மை அலை. தாளத்தைக் கடாசினாள். அறைக்குத் திரும்பி, நாற்பது வயலின்களின் பதிவையும் வெட்டி, அலை வருமுன் நின்று காத்திருக்கும்படி செய்தாள்.

சாயங்காலம் இயக்குநர் வந்து, காபியை மேஜையில் வைத்துவிட்டு அதன் முன் உட்கார்ந்தார். காசு வாங்க வந்திருந்த பக்தவச்சலமும் வாசலில் நின்று கேட்டார். குரல் எழுந்தது, வயலின்கள் ஏறின, சட்டென்று எல்லாம் நின்றது. கடல் பின்வாங்கும் சத்தம் மட்டும்.

"என்னம்மா, நின்னுபோச்சு?"

"இருங்க சார்."

ரவிச்சந்திரன் மூச்சைப் பிடித்துக்கொண்டார். கை தானாக மேஜை விளிம்பைப் பற்றியது. அலை மோதியது. "தள்ளு!" என்று அத்தனை குரலும் அத்தனை வயலினும் ஒன்றாக வெடித்தன.

மேஜை ஒரு முழம் நகர்ந்திருந்தது. காபி மடியில் கொட்டியதுகூட அவருக்கு உறைக்கவில்லை.

"சாரு நல்லாத் தள்றாரு," என்றார் பக்தவச்சலம். "காலைல கரைக்கு வரச் சொல்லும்மா. ஒரு ஆளு கொறையுது."