கேட்டில் மாட்டிய முகம்

முதல் ஷிப்டு ஆட்கள் வருவதற்குள், தகரத்தில் தான் வரைந்த படத்தைத் தொழிற்சாலை கேட்டில் கம்பி போட்டு இறுக்கிக் கட்டினான் மோகன்ராஜ். கடல் கடந்த நாடொன்றில் சொந்த சனங்கள் மேலேயே குண்டு போட்டுக்கொண்டிருக்கும் ஜெனரலின் முகம் அது. மார்பு நிறையப் பதக்கம், வாயில் கோரைப்பல், பல்லிடுக்கில் ஒரு குழந்தையின் செருப்பு. அந்தக் குண்டுகளுக்கான இரும்பு ஓடு கும்மிடிப்பூண்டியில், இந்தக் கேட்டுக்குள்ளேதான் வார்க்கப்பட்டது. இது எங்கே போகிறது என்று சத்தமாகக் கேட்டதற்காக அவன் தம்பி விமலை வேலையைவிட்டுத் துரத்தியிருந்தார்கள்.

புதுவாயலில் லாரிகளுக்குப் பெயர் எழுதிப் பிழைக்கிறவன் மோகன்ராஜ். ஊரே வாயில் கொழுக்கட்டையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தால் அவன் என்ன செய்வான்? போலீஸ் வரும், அடி விழும். பரவாயில்லை, நாலு பேர் அந்தச் செருப்பைப் பார்த்தால் போதும். எதிர் டீக்கடையில் உட்கார்ந்து காத்திருந்தான். அன்றைக்கு அமாவாசை என்பது மட்டும் அந்த மகாபுத்திசாலிக்கு மறந்துவிட்டது.

திருஷ்டி கழிக்கப் பூசணிக்காயோடு வந்த செக்யூரிட்டி குப்புராஜ், படத்தை அண்ணாந்து பார்த்துவிட்டு சூப்பர்வைசரைக் கூப்பிட்டான். அவர் பார்த்தார். எலுமிச்சையும் மிளகாயும் கோத்த சரத்தை ஜெனரலின் கழுத்தில் மாட்டச் சொன்னார். வந்தவர்கள் "செம்ம பூதம்டா" என்று செல்போனில் படமெடுத்துக்கொண்டு உள்ளே போனார்கள்.

மோகன்ராஜ் எழுந்தான். அது திருஷ்டி பொம்மை இல்லை என்று கத்த ரோட்டைத் தாண்டி ஓடினான். சூப்பர்வைசர் முந்திக்கொண்டார்.

"நீ போட்டதா? இன்னா கைப்பா உனுக்கு! பாத்தாலே கொல நடுங்குது. பின்னால கேட்டுக்கும் ஒண்ணு போட்டுக் குடு."

"சார், அது வந்து..."

"விமலு உன் தம்பிதானே? டெய்லி இங்க வந்து நின்னுகினு கெஞ்சுறான். போனா போவுது, இன்னிலேர்ந்து வேலைக்கு வரட்டும்."

தம்பி தினமும் வந்து கெஞ்சுவது மோகன்ராஜுக்குத் தெரியாது. திரும்பினான். காம்பவுண்டுச் சுவரோரம் நின்றிருந்த விமல் ஓடிவந்து அவன் கையைப் பிடித்தான்.

"அது யாருன்னு எனக்குத் தெரியும்ணா," என்றான் காதோரமாக. "நீ வாயத் தொறக்காத. ஊட்ல கொயந்த பசியில கத்திகினு கீதுண்ணா."

குப்புராஜ் பூசணிக்காயைப் போட்டு உடைத்தான். குங்குமத் தண்ணீர் தார்ரோட்டில் ஓடியது. விமல் அதை மிதிக்காமல் தாண்டி, அண்ணனைத் திரும்பிப் பார்க்காமல் உள்ளே போனான்.

மோகன்ராஜ் சூப்பர்வைசர் பக்கம் திரும்பினான்.

"பின்னால கேட்டு எவ்ளோ அகலம் சார்?"

சூப்பர்வைசர் இரண்டு கைகளையும் விரித்துக் காட்டினார்.