குல்சும் பேசிய மொழி

ஆண்டுக்கொரு முறை ஏர்வாடிக் கரையில் கிளிஞ்சல்காரர்கள் வந்து கூடாரம் போடுவார்கள். சுண்ணாம்புச் சூளைகளுக்குக் கிளிஞ்சல் பொறுக்கிக் கொடுத்துவிட்டு, கழுதைகளை ஓட்டிக்கொண்டு கரையோரமாகவே போய்க்கொண்டிருக்கிற கூட்டம் அது. ஆண்களுக்கு விலை பேசுமளவு தமிழ் வரும். பெண்கள் தங்கள் மொழியைத் தவிர வேறெதுவும் பேசமாட்டார்கள். அந்த மொழிக்கு ஊரில் பெயர்கூடக் கிடையாது. "கிளிஞ்சக்காரவுக கத்துறாக" என்பார்கள், அவ்வளவுதான்.

அவர்கள் தங்கியிருக்கும் நாட்களில் குல்சும் வீட்டைவிட்டு வெளியே வரமாட்டாள். கேட்டால் தலைவலி என்பாள். உண்மையான காரணம் அவளுக்கு மட்டுமே தெரியும். எட்டு வயதில், பிழைக்காது என்று தோன்றிய காய்ச்சலோடு அவளைத் தர்கா வாசலில் விட்டுவிட்டுப் போனவர்கள் அவர்கள்தான். தர்காவில் பூ விற்ற மலிகா அவளை எடுத்து வளர்த்தாள். தொண்டியில் செத்துப்போன தங்கையின் மகள் என்று ஊருக்குச் சொன்னாள். சிறுமியிடம், "அந்தப் பேச்சு இனி ஒன் வாயில வரக்கூடாது" என்றாள். வரவில்லை. மலிகா காலமான பிறகும் வரவில்லை. வள்ளம் வைத்திருந்த ஹமீது சுல்தானுக்கு வாழ்க்கைப்பட்டு, இரண்டு பிள்ளைகளைப் பெற்று, மாமியார் நூர் நிஷாவோடு குல்சும் குடும்பம் நடத்திக்கொண்டிருந்தாள்.

ஐம்பத்தாறாம் வருடம் கிளிஞ்சல்காரர்கள் வந்திருந்த சமயம் குல்சுமின் மகனுக்கு அம்மை கண்டு குணமாகியிருந்தது. வியாழக்கிழமை தர்காவுக்கு வருவதாக நூர் நிஷா நேர்ந்திருந்தாள். தலைவலியெல்லாம் அவளிடம் எடுபடவில்லை. இருவரும் போனார்கள்.

தர்கா வாசலில் கூட்டம். ஒரு கிளிஞ்சல்காரியை வேப்பமரத்தோடு கட்டி வைத்திருந்தார்கள். அபிராமத்திலிருந்து வந்திருந்த மருதுபாண்டி, கருத்தம்மாள் தம்பதியின் நாலு வயது மகள் சேதுவைக் காலையிலிருந்து காணவில்லை. ஊரே உடைமரக் காட்டுக்குள் தேடிக்கொண்டிருந்தபோது இவள் குழந்தையின் வெள்ளிக் கொலுசைக் கையில் பிடித்தபடி ஓடிவந்திருக்கிறாள். அவள் கூட்டத்து ஆண்கள் எல்லோரும் சூளைக்குப் போயிருந்தார்கள். அவளுக்குத் தெரிந்த தமிழ் இரண்டே சொல்.

"புள்ள... தண்ணி" என்றாள்.

கருத்தம்மாள் தரையில் விழுந்து புரண்டாள். மருதுபாண்டி அந்தப் பெண்ணை ஓங்கி அறைந்தான்.

"கொலுசுக்கு ஆசப்பட்டு எம்புள்ளயக் கடல்ல தள்ளிட்டியேடி!"

அவள் உதட்டில் ரத்தம். மார்பு வரை துணி நனைந்திருந்தது. தன் மொழியிலேயே விடாமல் கத்திக்கொண்டிருந்தாள். குல்சும் நின்று கேட்டாள். ஒரு சொல்கூட அவளுக்கு மறந்திருக்கவில்லை.

அந்த மொழியில் விலகிப்போயிருக்கிற கடலுக்கு 'நெம்' என்று பெயர். திரும்பி ஏறி வருகிற கடல் 'ஓலு'. கட்டுண்டவள் சொன்னது இது: பிள்ளை நெம்மில் நடந்து திட்டுக்குப் போய்விட்டது. கொலுசு ஈர மணலில் கழன்று கிடந்தது. ஓலு ஏறுகிறது. நான் இறங்கிப் பார்த்தேன், நெஞ்சுக்கு வந்துவிட்டது, எனக்கு நீந்தத் தெரியாது. பிள்ளை உயிரோடிருக்கிறது. போங்கள்.

குல்சும் மாமியாரை ஒருமுறை பார்த்தாள். பிறகு கூட்டத்தை விலக்கிக்கொண்டு மரத்தடிக்குப் போய், "எந்தத் திட்டு?" என்று அந்த மொழியில் கேட்டாள்.

கூட்டம் அவள் பக்கம் திரும்பியது. கிளிஞ்சல்காரி மளமளவென்று பதில் சொன்னாள்.

"புள்ள சாகல. கெழக்க இருக்குற மணல் திட்டுல நிக்கிது. தண்ணி ஏறுது, வெரசாப் போங்க" என்றாள் குல்சும்.

"ஒனக்கு எப்படித் தெரியும்?" என்றான் மருதுபாண்டி.

"நானும் இவுக வீட்டுப் புள்ளதான்."

சொல்லிவிட்டுக் கரையை நோக்கி ஓடினாள். ஹமீது சுல்தான் வள்ளத்தில் பாய் தைத்துக்கொண்டிருந்தான். அவள் சொன்னதைக் கேட்டு ஒரு கேள்வியும் கேட்காமல் வள்ளத்தைத் தள்ளினான். மருதுபாண்டியும் ஏறிக்கொண்டான். திட்டு முங்கியிருந்தது. யாரோ வலை கட்ட நட்டிருந்த கம்பைக் கட்டிப்பிடித்தபடி, கழுத்தளவுத் தண்ணீரில் சேது நின்றுகொண்டிருந்தாள். அழக்கூடத் தெம்பில்லை.

குழந்தை கரைக்கு வந்த பிறகுதான் கிளிஞ்சல்காரியின் கட்டை அவிழ்த்தார்கள். மருதுபாண்டி அந்தப் பெண்ணின் காலில் விழப் போனான். அவள் பயந்து விலகிக்கொண்டாள். பிறகு குல்சுமிடம் பேச்சுக் கொடுத்தாள். அவர்கள் மொழியில் 'நான்' என்பதைப் பெரியவர்கள் ஒரு விதமாகவும் குழந்தைகள் வேறு விதமாகவும் சொல்வார்கள். குல்சும் குழந்தையின் சொல்லைத்தான் சொல்லிக்கொண்டிருந்தாள். வேறு அவளுக்குத் தெரியாது.

"காய்ச்சலில் விட்ட பிள்ளையா நீ?" என்று கிளிஞ்சல்காரி கேட்டாள்.

"ஆமாம். என் அம்மா?"

"செத்து இரண்டு மழை போய்விட்டது. இங்கே வரும்போதெல்லாம் அந்த வாசலில் போய் உட்கார்ந்துவிட்டு வருவாள்."

குல்சும் வீட்டுக்குள் அடைந்து கிடந்த நாட்கள் அவை.

வீட்டில் நூர் நிஷா துணிமணிகளை மூட்டை கட்டிக்கொண்டிருந்தாள்.

"தொண்டிக் குடும்பம்னு சொல்லித்தானே ஒன்னயக் கட்டிவச்சா அந்த மலிகா?"

"ஆமா மாமி."

"இனி இங்கன எனக்கு என்ன இருக்கு?" என்று சொல்லிவிட்டுக் கீழக்கரையிலிருந்த மகள் வீட்டுக்குப் போய்விட்டாள்.

ஹமீது சுல்தான் சாப்பிட்டு முடித்துக் கை கழுவிய பிறகு கேட்டான்.

"எங்கிட்டயாச்சும் சொல்லிருக்கலாம்ல?"

"சொன்னா அனுப்பிருவீகன்னு பயந்தேன் மச்சான்."

"எங்கன அனுப்ப? அவுகதான் ஒரு எடத்துல நிக்கமாட்டாகளே."

குல்சுமுக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது.

நோன்பு பிறப்பதற்குள் நூர் நிஷா திரும்பிவிட்டாள். பேரப்பிள்ளைகள் ஏங்கிப்போயிருக்கும் என்று காரணம் சொன்னாள். மருமகளிடம் முன்போல் பேச்சில்லை. ஆனால் பக்கத்து வீட்டுக்காரி ஏதோ இளக்காரமாகச் சொன்னபோது, "எம் மருமவ வாயத் தொறக்காட்டி அந்தப் புள்ள இன்னைக்கு இருக்குமாக்கும்?" என்று சண்டைக்குப் போனாள்.

அடுத்த வருடம் கிளிஞ்சல்காரர்கள் வந்தபோது குல்சும் கூடாரத்துக்குப் போனாள். ஹமீது சுல்தானும் கூடப் போனான். பெண்கள் அவளைச் சூழ்ந்துகொண்டு பேசினார்கள். அவன் ஒதுக்கமாக மணலில் உட்கார்ந்திருந்தான். ஒருத்தி தீயில் சுட்ட சூடை மீனை இலையில் வைத்துக்கொண்டுவந்து அவன் முன்னால் வைத்து ஏதோ சொன்னாள்.

"என்ன சொல்றாக?" என்று மனைவியைக் கேட்டான்.

"மருமகப்புள்ள முள்ளப் பாத்துச் சாப்புடணுமாம்."

அவன் சட்டைக்கையை மடித்துவிட்டுக்கொண்டு சாப்பிட ஆரம்பித்தான்.