பதினாலு வயதுச் சொல்

மெட்ராஸிலிருந்து வந்த காகிதத்தில் மொத்தம் நாலு வரிதான் இருந்தது. அதைப் படிக்க மொரீஸுக்கு ஐந்து நிமிஷம் பிடித்தது. படித்து முடித்ததும் ஒரு மாதமாகக் காணாமல் போயிருந்த சிரிப்பு அவர் முகத்தில் வந்து உட்கார்ந்தது. இருபத்து மூன்று வான்கோழிகளைப் பறிகொடுத்த மனிதர் சிரிக்கிறார் என்றால் அது யாருக்கோ கேடு என்று அவர் மனைவி கிளோதினுக்குத் தோன்றியது.

“பாத்தியா? கடைசி வரில தொக்ஸீன்னு போட்டிருக்கான். விஷம். நாளைக்குக் காலைல ஸ்டேஷனுக்குப் போறேன். அந்த அம்மாவாசைப் பய உள்ள போவட்டும்.”

மொரீஸ் பிரெஞ்சுப் பட்டாளத்தில் பதினேழு வருஷம் இருந்துவிட்டு வந்த சொல்தா. ரெட்டியார்பாளையத்தில் தோட்டத்தோடு வீடு கட்டி, வருஷா வருஷம் கிறிஸ்துமஸுக்கென்று வான்கோழி வளர்த்தார். ஊரிலுள்ள பிரெஞ்சுக் குடியுரிமைக் குடும்பங்களில் பாதிப் பேர் மேஜையில் அவர் வீட்டுப் பறவைதான் இருக்கும். அதில் அவருக்கு இருந்த பெருமை மார்பில் தொங்கிய மெடலில்கூட இருந்ததில்லை.

பறவைகளைப் பார்த்துக்கொண்டது அம்மாவாசை. மில்லில் ஆளைக் குறைத்த வருஷம் வெளியே வந்தவர். ஐந்து வருஷமாக இங்கே வேலை. 1975 டிசம்பரில் வான்கோழிகள் ஒவ்வொன்றாகத் தீனியைத் தொடாமல் நின்றன, இறக்கையைத் தொங்கப் போட்டன, கழுத்தைப் பின்னால் வளைத்துக்கொண்டு செத்தன. பத்தே நாளில் கொட்டகை காலி. அதற்கு மூன்று வாரம் முன்னால்தான், கடலைப் புண்ணாக்கைத் தன் மாட்டுக்குக் கொண்டுபோகிறார் என்று மொரீஸ் அவரைத் திட்டியிருந்தார். “நான் எடுக்கல மிசே, சும்மா வாய்க்கு வந்தத பேசாதீங்க,” என்று அம்மாவாசையும் ஒரு வார்த்தை சொல்லிவிட்டார். அந்த ஒரு வார்த்தை போதுமானதாக இருந்தது. சொன்னவன்தான் விஷம் வைத்தான் என்று மொரீஸ் முடிவு கட்டி, அவரை வேலையை விட்டு நிறுத்தினார்.

ஸ்டேஷனில் இருந்தவர், கோழி செத்ததற்கெல்லாம் ஆளைப் பிடிக்க முடியாது, விஷம் என்று காகிதம் வந்தால் பார்க்கலாம் என்று சொல்லி அனுப்பினார். மாட்டாஸ்பத்திரி மூலமாக இரண்டு ஈரலும் ஒரு பிடி தீனியும் மெட்ராஸுக்குப் போயின. தெருவுக்கு அந்தப் பொறுமை இல்லை. கோழி வைத்திருந்த எந்த வீட்டுக்காரரும் அம்மாவாசையை வேலைக்குக் கூப்பிடவில்லை. குழாயடியில் அவர் மகள் சின்னப்பாப்பாவின் குடத்தை எல்லாருக்கும் கடைசியில் தள்ளி வைத்தார்கள். கேட்டால், எதுக்கும் ஜாக்கிரதையா இருக்கணும் என்றார்கள்.

கிளோதின் காகிதத்தை வாங்கிப் பார்த்தாள். அந்தத் தெருவிலிருந்து பாரிசுக்குப் போகும் பென்ஷன் கடிதங்களெல்லாம் அவள் கையெழுத்தில்தான் போகும். தெரியாத வார்த்தை ஒன்று கண்ணில் பட்டால் பல்லிடுக்கில் நார் சிக்கியதுபோல அவளுக்கு. எடுக்கும்வரை வேறு வேலை ஓடாது. காகிதத்தில் இருந்தது அஃப்லாடாக்ஸின். வால் தெரிந்தது. தலை தெரியவில்லை.

“அதென்ன அஃப்லா?” என்றாள்.

“விஷத்துல ஆயிரம் தினுசு. அதுல ஒண்ணு.”

“எலிப் பாஷாணமா இருந்தா எலிப் பாஷாணம்னு எழுதியிருப்பான். பூச்சி மருந்தா இருந்தா அது பேரு தெரியும். கடைல விக்காத பேரா இருக்குதே. அம்மாவாசைக்கு இது எங்கேர்ந்து கெடைச்சிருக்கும்?”

“அத ஸ்டேஷன்ல கேப்பாங்க,” என்று மொரீஸ் சட்டையை இஸ்திரி போட எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

வீட்டு அகராதியில் அந்த வார்த்தை இல்லை. இருக்க வேண்டிய இடத்தில் பக்கத்து வார்த்தைகள் இரண்டும் தோளோடு தோள் உரசிக்கொண்டு நின்றன. கிளோதின் செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பினாள். மாட்டாஸ்பத்திரியில் டாக்டர் சுப்பிரமணியன் பொங்கலுக்கு ஊருக்குப் போனவர் திங்கட்கிழமைதான் வருவார் என்றார்கள். அன்றைக்கு வெள்ளி. திங்கட்கிழமைக்குள் அம்மாவாசை லாக்கப்பில் இரண்டு நாள் இருந்துவிட்டு வந்துவிடுவார். வந்த பிறகு அவர் குற்றவாளி இல்லை என்று டாக்டரே சொன்னாலும் கேட்க ஆள் இருக்காது. அவள் ரிக்‌ஷா பிடித்துக் கடற்கரைப் பக்கம் நூலகத்துக்குப் போனாள்.

நூலகத்தில் கிருஷ்ணசாமி என்பவர் புத்தகம் எடுத்துத் தருகிறவர். எதைக் கேட்டாலும் முதலில் பெருமூச்சு விடுவார், பிறகு எடுத்துத் தருவார். இரண்டு கையாலும் தூக்க வேண்டிய பிரெஞ்சு அகராதியைக் கொண்டுவந்து வைத்தார். அதிலும் இல்லை.

“இது அம்பத்திரெண்டுல அச்சடிச்சது மதாம். உங்க சொல்லு அதுக்கப்புறம் பொறந்திருக்கும்,” என்றார்.

கிளோதினுக்கு அது பிடித்திருந்தது. வார்த்தை பிறக்கும் என்று அவள் நினைத்துப் பார்த்ததில்லை. எல்லா வார்த்தையும் ஆதியிலிருந்தே இருப்பதாகத்தான் எண்ணியிருந்தாள். அப்படியானால் யாரோ ஒருத்தர் ஒரு நாள் உட்கார்ந்து இதற்குப் பெயர் வைத்திருக்க வேண்டும். ஏன் இந்தப் பெயர்?

“சொல்ல வெச்சித் தேடுனா அம்புடாது. எது செத்துது?” என்றார் கிருஷ்ணசாமி.

“வான்கோழி.”

“அப்ப வான்கோழில தேடுங்க.” பெருமூச்சு விட்டுவிட்டு, பிரான்சிலிருந்து வந்த விவசாயப் பத்திரிகைகளை வருஷவாரியாகக் கட்டி வைத்திருந்ததில் பத்துக் கட்டுகளை இறக்கிப் போட்டார். தூசி இருவரையும் தும்ம வைத்தது.

ஏழாவது கட்டில் அகப்பட்டது. 1963-ஆம் வருஷத்து இதழில் மூன்று பக்கக் கட்டுரை. மூன்று வருஷம் முன்னால் இங்கிலாந்தில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட வான்கோழிகள் சில மாதங்களுக்குள் செத்துப்போயின என்று அது தொடங்கியது. இன்ன நோய் என்று யாருக்கும் தெரியாததால் எக்ஸ் நோய் என்று எழுதி வைத்தார்களாம். தொற்றா என்று பார்த்தார்கள், இல்லை. யாராவது விஷம் கலந்தார்களா என்று பார்த்தார்கள், அதுவும் இல்லை. கடைசியில் செத்த பறவைகளுக்குப் பொதுவாக இருந்தது தீனி மட்டும்தான்: பிரேசிலிலிருந்து கப்பலில் வந்த கடலைப் புண்ணாக்கு. அதில் பூசணம் பூத்திருந்தது. அந்தப் பூசணம் தானாகவே ஒரு விஷத்தை உண்டாக்கிவிட்டிருந்தது. இத்தனையும் கண்டுபிடித்த பிறகுதான் பெயர் வைத்திருக்கிறார்கள், போன வருஷம்தான் என்று கட்டுரை சொன்னது. அப்படியானால் அறுபத்திரண்டு. பதினாலு வயதுச் சொல்.

கிளோதின் நோட்டைத் திறந்து அந்தப் பெயரைக் கட்டுரை பிரித்தபடியே பிரித்து எழுதினாள். முதல் எழுத்து, அஸ்பெர்ஜிலுஸ் என்கிற பூசணத்தின் குடும்பப் பெயரிலிருந்து. நடுவிலுள்ள ஃப்லா, ஃப்லாவுஸ் என்கிற அதன் சொந்தப் பெயரிலிருந்து. லத்தீனில் மஞ்சள் என்று அர்த்தம். மீதி, விஷம். இந்த மஞ்சள் பூசணத்தின் விஷம் என்று பெயரிலேயே ஊரும் பேரும் எழுதி ஒட்டியிருக்கிறார்கள். வேறு விஷத்துக்கு இந்தப் பெயர் போகாது. யாரும் புட்டியில் வாங்கி வந்து கலக்குகிற சாமானுமில்லை.

அதற்குக் கீழே சின்ன எழுத்தில் இன்னொரு சமாசாரம் இருந்தது. இருநூற்றைம்பது வருஷத்துக்கு முன்னால் இத்தாலியில் ஒரு பாதிரியார் கண்ணாடி வைத்து அந்தப் பூசணத்தைப் பார்த்திருக்கிறார். மெல்லிய காம்பும் உச்சியில் உருண்டைத் தலையுமாக இருக்கவே, பூசையில் தீர்த்தம் தெளிக்கும் கருவிதான் அவர் நினைவுக்கு வந்திருக்கிறது. அஸ்பெர்ஜிலுஸ் என்று அதன் பெயரையே வைத்துவிட்டார். ஞாயிற்றுக்கிழமைதோறும் சர்ச்சில் சாமியார் கையில் பார்த்து, நெற்றியில் நாலு சொட்டு வாங்கிக்கொண்டு வருகிற அதே சாமான். கிளோதினுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கிருஷ்ணசாமி நிமிர்ந்து பார்த்தார்.

“கெடைச்சுதா?”

“கெடைச்சுது,” என்றவள் கடைசிப் பத்தியையும் படித்தாள். ஈரம் காயாத புண்ணாக்கு, வெக்கை, காற்றுப் புகாத இடம் என்று மூன்றும் சேர்ந்தால் போதும் என்றிருந்தது. சிரிப்பு அங்கேயே நின்றது. அந்த மூன்றும் சேர்ந்த இடம் அவள் வீட்டிலேயே இருந்தது.

திரும்பும் வழியெல்லாம் நவம்பர் மாதம் அவள் கண்முன் ஓடியது. அதுவரை அம்மாவாசை தினமும் புண்ணாக்கைச் சாக்கில் பரப்பி வெயில் காட்டுவார், கறுத்த கட்டிகளைப் பொறுக்கிக் குப்பையில் போடுவார். பொறுக்குகிற சாக்கில் வீட்டுக்கு மூட்டை கட்டுகிறான் என்று மொரீஸுக்குச் சந்தேகம். மழை பிடித்த வாரம், மூட்டையை அப்படியே இந்தோசீனாவிலிருந்து கொண்டுவந்த பட்டாளத்து இரும்புப் பெட்டியில் கொட்டிப் பூட்டினார். சாவி அவர் இடுப்பில். அன்றிலிருந்து அளந்து போட்டதும் அவர் கைதான். அம்மாவாசை தண்ணீர் மட்டும் வைத்தார்.

மொரீஸ் இஸ்திரி போட்ட சட்டையை நாற்காலி முதுகில் மாட்டிக்கொண்டிருந்தார்.

“பெட்டிச் சாவியக் குடுங்க,” என்றாள்.

“என்னாத்துக்கு?”

“குடுங்க, சொல்றேன்.”

மூடியைத் தூக்கியதும் இருவரும் ஓரடி பின்வாங்கினார்கள். அடியில் மிச்சமிருந்த புண்ணாக்கின் மேல் மஞ்சளும் பச்சையுமாக மாவு பூத்திருந்தது. மொரீஸ் தபால்தலை பார்க்க வைத்திருந்த பூதக்கண்ணாடியைக் கொண்டுவந்து கிளோதின் குனிந்தாள். தலையெல்லாம் தெரியவில்லை, மஞ்சள் பொடியாக ஒரு மங்கல்தான் தெரிந்தது. ஆனாலும் கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு நோட்டை எடுத்து, நூலகத்தில் எழுதியதை வரி விடாமல் அவருக்குப் படித்துக் காட்டினாள்.

மொரீஸ் முழுதும் கேட்டார். முடித்த பிறகு, “இங்கிலீஷ்காரன் வீட்டுலயும் வான்கோழிதானா?” என்று மட்டும் கேட்டார்.

“வான்கோழிதான்.”

“நான்தான் போட்டேன். தெனம் என் கையாலதான் போட்டேன்.” அவர் மூடியைச் சாத்திவிட்டுப் பெட்டி மேலேயே உட்கார்ந்துவிட்டார். கிளோதினுக்கு அவரைப் பார்க்கப் பாவமாகவும் இருந்தது, கோபமாகவும் இருந்தது. கோபம்தான் அதிகம்.

கொஞ்ச நேரம் கழித்து அவர் எழுந்தார். “சரி. ஸ்டேஷனுக்குப் போவல. இந்தக் காயிதத்த கிழிச்சிப் போட்டுடலாம். முடிஞ்சுது.”

“உங்களுக்கு முடிஞ்சுது. அவங்களுக்கு?”

“நான் போயி அவன் வாசல்ல நிக்கணும்ங்கிறியா?”

“ஒரு மாசமா அவங்க பொண்ணு குழாயடில கடைசில நிக்குது. நீங்க ஒரு தரம் நின்னா ஒண்ணும் கொறஞ்சிடாது.”

மறுநாள் காலை, ஸ்டேஷனுக்கென்று இஸ்திரி போட்ட அதே சட்டையில் மொரீஸ் அம்மாவாசை வீட்டுக்குப் போனார். கூடக் கிளோதின். அம்மாவாசை மாட்டுக்கு வைக்கோல் போட்டுக்கொண்டிருந்தவர், போலீஸ் பின்னால் வருகிறதா என்று தெருவை ஒருமுறை பார்த்துக்கொண்டார். கிளோதின் சொல்லச் சொல்லக் கேட்டார். கோபப்படுவார் என்று எதிர்பார்த்தாள். அவருக்கோ விஷயத்தில் ருசி ஏற்பட்டுவிட்டது.

“பூசணம் கறுப்பாத்தானே இருக்கும், இது மஞ்சளா?” என்று கேட்டார். “வெயில்ல போட்டா செத்துடுமா?”

“காய வெச்சா வளராது.”

“அதான் நான் காய வெச்சது,” என்றார் அம்மாவாசை. யாரையும் பார்த்துச் சொல்லவில்லை. “அதுக்கு என்னா பேருன்னீங்க?”

கிளோதின் சொன்னாள். அவர் ஒருமுறை சொல்லிப் பார்த்தார், பாதியில் விட்டுவிட்டார்.

மொரீஸ் தொண்டையைக் கனைத்தார். “நாளையிலேர்ந்து வேலைக்கு வந்துடு, அம்மாவாசை.”

“வேல இருக்கட்டும் மிசே. மதாம், அந்தப் பேரத் தமிழ்ல ஒரு காயிதத்துல எழுதிக் குடுங்க. கேக்கறவங்களுக்குக் காட்டணும்.” கிளோதின் நோட்டுத் தாளைக் கிழித்து எழுதத் தொடங்கினாள். “பேரு மட்டும் போதாது. அது எந்தப் பெட்டில இருந்துது, யாரு பூட்டுனது, அதையும் எழுதுங்க. அடில மிசே கையெழுத்துப் போடட்டும்.”

கிளோதின் எழுதிவிட்டுத் தாளை நீட்டினாள். பதினேழு வருஷம் பட்டாளத்தில் எத்தனையோ உத்தரவுக்குக் கையெழுத்துப் போட்ட மனிதருக்கு அன்றைக்குப் பேனா பிடிக்க வெகுநேரம் ஆனது. ஆனாலும் போட்டார்.

குழாயடியில் தண்ணீர் வந்துகொண்டிருந்தது. அம்மாவாசைக்குப் படிக்கத் தெரியாது. வரிசையின் கடைசியில் நின்ற மகளிடம் தாளைக் கொடுத்து, “எல்லாருக்கும் கேக்கறாப்ல படி,” என்றார். மொரீஸ் போய்விடுவார் என்று கிளோதின் நினைத்தாள். அவர் போகவில்லை, வெயிலில் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு நின்றார்.

சின்னப்பாப்பா படித்தாள். “மொரீஸ் ஆகிய என் வீட்டு வான்கோழிகள் செத்தது அஃப்… அஃப்லா…” அந்தப் பெயரில் அவள் நாக்கு தடுக்கியது. மொரீஸே எடுத்துக் கொடுத்தார். அவர் சொன்னபடி அவள் திருப்பிச் சொன்னாள்.

அடுத்த வரியை அவள் தடுக்காமல் படித்தாள். “புண்ணாக்கைக் காய விடாமல் பூட்டி வைத்ததும் நான். அதை அள்ளிப் போட்டதும் நான்.”