தலை குரோய்டனில், வால் சட்டனில்

அருள்நேசன் இறந்தபோது அவருடைய சொற்கள் இரண்டாகப் பிரிந்தன. ஒவ்வோர் அசையின் தலையும் தென்லண்டனில், குரோய்டனிலுள்ள மகனுடைய அடுக்குமாடிப் பிளாற்றுக்குப் போனது. வால் பக்கத்து ஊரான சட்டனில் மனைவியின் வீட்டிலேயே தங்கிவிட்டது. தலை என்றால் அசை தொடங்குகிற மெய்யொலி, வால் என்றால் அதற்குப் பின்னால் வருகிற மிச்சம். 'கல்' என்று அவர் எப்போதோ சொல்லியிருந்தால் 'க்' மகனுக்கு, 'அல்' மனைவிக்கு. காணி, நகை, தாயாரின் தையல்மெசின் என்று பங்கு பிரிப்பதில் எங்கள் சனத்துக்கு உள்ள பழக்கம் கொஞ்சநஞ்சமல்ல. ஆனால் இப்படியொரு பங்கைச் சட்டனில் யாரும் கண்டதில்லை. முருங்கைக்காய் ஒரு கட்டு மூன்று பவுணுக்கு ஏறிய வருடம் அது.

அருள்நேசன் மன்னார் ஆள். ஒரு களஞ்சியத்தில் பெட்டி ஏற்றுகிற வேலை. வருடாவருடம் மடுமாதா திருவிழாவில் மாதாவின் சிலையை, சுருபத்தைத் தூக்குகிற தோள்களில் ஒன்று அவருடையது. அதிகம் பேசமாட்டார், பேசியதெல்லாம் வீடு நடக்கத் தேவையான பேச்சு. மாசி மாதத்தில் ஒரு காலை நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவர், அம்புலன்ஸ் வருமுன் போய்விட்டார். முப்பத்தோராம் நாள் பூசையும் சாப்பாடும் முடிந்து, வந்த சனம் சட்டிபானையைக் கழுவிக் கவிழ்த்துவிட்டுப் போன மறுநாள், அவருடைய மனைவி பியற்றிஸ் தண்ணி கொதிக்கக் கேத்தலைப் போட்டாள். கேத்தலுக்குப் பக்கத்தில் 'ஏத், அண், இ' என்று அவர் குரல் கேட்டது. தேத்தண்ணி கேட்கிறார் என்று அவளுக்கு உடனே விளங்கியது, ஏனென்றால் அந்த இடத்தில் நின்று அவர் அதையும் அதற்குச் சீனியையும் தவிர வேறெதையும் கேட்டதில்லை. அவள் இரண்டு கோப்பை ஊற்றினாள்.

பிறகு பார்த்தால் வீடு முழுக்க வால்கள். எங்கே நின்று எதைச் சொன்னாரோ அங்கேயே, சொன்ன நேரத்துக்கே அவை ஒலித்தன. படிக்கட்டில் சில, பின்கதவடியில் சில. தலையே இல்லாத சொல் என்பதால் 'ஓம்' என்கிற சம்மதம் மட்டும் உடையாமல் முழுசாகச் சோபாவில் கிடந்தது. பியற்றிஸ் அந்தச் சோபாவைப் பார்த்து, "இண்டைக்கு மீன் வாங்கட்டோ?" என்று கேட்டுவிட்டுக் காத்திருப்பாள். சில நாள் உடனே 'ஓம்' வரும், சில நாள் மீன்கடை பூட்டிய பிறகு வரும். துணை என்று சொல்ல அது போதாது. துணையில்லை என்று சொல்லவும் அவளுக்கு மனம் வரவில்லை.

அவளுக்கு விளங்காதவையும் இருந்தன. எல்லாவற்றிலும் விளங்காதது மேல்மாடிச் சின்ன அறையில் ஒலித்தது. உயிரோடு இருந்த காலத்தில் அருள்நேசன் ஷிப்ட் முடிந்து வந்ததும் அந்த அறைக்குப் போய்க் கதவைச் சாத்தி, ரேடியோவைப் பெரிதாகப் போடுவார். கேட்டால் ஹீற்றரைப் பார்க்கிறேன் என்பார். இப்போது பின்னேரமானதும் அங்கிருந்து மூன்று வால் உள்ள ஒரே சொல் வந்தது. ஹீற்றரைத்தான் திட்டுகிறார் என்று பியற்றிஸ் நினைத்துக்கொண்டாள்.

அந்த அறை மகன் டெனுசனுடையது. அவன் அதைவிட்டுப் போய் ஏழு வருடமாகியிருந்தது. குரோய்டனில் ஒரு மண்டபத்தில் கைதட்டிப் பாடி ஜெபிக்கிற சபையில் சேர்ந்து, தொட்டித் தண்ணீரில் முழுக்கு ஞானஸ்நானமும் எடுத்துவிட்டு வந்து, இனிச் சுருபம் தூக்க வரமாட்டேன் என்று தகப்பனிடம் சொன்னான். அருள்நேசன் கத்தவில்லை. சாப்பிட்ட கையைக் கழுவிவிட்டு, "இந்த வீட்டில இனி ஒருத்தரும் உன்ர பேரை எடுக்கக்கூடாது" என்றார். பியற்றிஸ் அதற்குக் கீழ்ப்படிந்தாள். அவள் செய்த தவறு அதுதான், அது அவளுக்கும் தெரியும். செத்த வீட்டுக்கு வந்த டெனுசன் பங்குக் கோவிலுக்குள் வராமல் மழையில் வெளியே நின்றான். முப்பத்தோராம் நாளுக்கு வரவேயில்லை.

அவனுடைய பிளாற்றில் தலைகள் வந்து சேர்ந்தது அதற்கு மறுநாள், சட்டனில் வால்கள் கேட்ட அதே நாளில்தான். தனியாக இருக்கிறவன், ட்ராம் போகிற தெருவில் இரண்டாம் மாடி. 'க், த், ப்' என்று சுவருக்குள் ஏதோ சொட்டுகிறது என்று நினைத்துக் குழாய்க்காரரைக் கூப்பிட்டான். அவர் வொஷரை மாற்றினார், சொட்டு நிற்கவில்லை. சபைப் போதகர் வந்து, இது பிசாசு என்று அதட்டி விரட்டிப் பார்த்தார். சட்டனிலோ பங்குச் சுவாமி, இது உத்தரிக்கிற ஸ்தலத்தில் தவிக்கிற ஆன்மா என்று கார்த்திகை மாதம் முழுக்கப் பூசை ஒப்புக்கொடுத்தார். பிசாசும் போகவில்லை, ஆன்மாவும் கரையேறவில்லை. இரண்டு சபையும் ஒரே விதமாகத் தோற்றது அந்த ஒரு காரியத்தில்தான்.

பியற்றிஸ் ஒரு ஆரம்பப் பாடசாலையில் சிறுபிள்ளைகளுக்கு உதவியாளாக இருந்தாள். அங்கே அந்த வருடம் வாசிப்புத் தொடங்கிய வகுப்பில் றொசானா என்கிற இளம் ஆசிரியை ஆங்கில எழுத்து அட்டைகளை வைத்து விளையாட்டுக் காட்டினாள். ஒரு அட்டையில் 'அற்'. அதற்கு முன்னால் 'க்' அட்டையை வைத்தால் கற், பூனை. 'ம்' வைத்தால் மற், கால்மிதி. "சின்னப் பிள்ளையளுக்கு ஒவ்வொரு சவுண்டாப் பிரிக்கிறது கஷ்டம் அன்ரி. ஆனா முதல் சவுண்டைக் கழட்டிப்போட்டு மிச்சத்தை ஒரு துண்டா வச்சா டக்கெண்டு பிடிச்சிருவினம்" என்றாள் றொசானா. பிள்ளைகள் தலையை மாற்றி மாற்றி ஒட்டிச் சிரித்தார்கள். பியற்றிஸ் சிரிக்கவில்லை. அன்றே வீட்டுக்குப் போய்க் குசினியில் அடுப்புக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, புருஷனின் வால்களுக்குத் தலை பொருத்தத் தொடங்கினாள்.

எந்த வாலுக்கும் பல தலை பொருந்தும் என்பதுதான் அதில் வந்த வினை. எதைத் தெரிந்தெடுப்பது என்பது அவள் கையில் இருந்தது. அவள் நல்லதைத்தான் தெரிந்தெடுத்தாள். கோடை முடிவதற்குள் அருள்நேசன் மனைவியின் சமையலைப் புகழ்கிறவராக, அவள் முழங்கால் நோவை விசாரிக்கிறவராக, உடுத்திருக்கிற சேலையைக் கவனிக்கிறவராக மாறிவிட்டார். முப்பத்தைந்து வருடக் கலியாணத்தில் அவர் இவ்வளவு அன்பாக இருந்ததேயில்லை. பியற்றிஸ் கொஞ்ச நாள் சந்தோஷமாக இருந்தாள். பிறகு ஒரு காலை, தான் பேசுவதையே தான் கேட்டுக்கொண்டிருக்கிறோம் என்று உணர்ந்தாள். அன்றைக்குப் பட்ட தனிமை, ஆள் செத்த அன்றைக்குக்கூட அவள் படாதது. மேல் அறைச் சொல்லுக்கு மட்டும் என்ன தலை வைத்தும் அவளுக்குத் திருப்தி வரவில்லை.

அந்தக் குளிருக்கு வீட்டைச் சூடாக்குகிற பொயிலர் பழுதானது. பார்க்க வந்தவர் வாமதேவன், தென்லண்டன் முழுக்கத் தமிழ் வீடுகளுக்குக் குழாய் வேலை செய்கிறவர். பொயிலரின் மூடியைக் கழற்றியபடியே அவர் காதைக் கொடுத்துக் கேட்டார். "அக்கா, இதின்ர மற்றப் பாதி குரோய்டனில ஒரு பெடியன்ர பிளாற்றில கிடக்குது. பைப்பெண்டு நினைச்சு நான் வொஷர் மாத்தினனான். முகவெட்டைப் பாத்தா உங்கட பெடியன் போலதான் இருந்தவன்" என்றார். பொயிலருக்கு நூற்றிருபது பவுண் ஆகும் என்று சொன்ன அதே குரலில்தான் இதையும் சொன்னார்.

அவரிடம் விலாசம் வாங்கிக்கொண்டு சனிக்கிழமை பியற்றிஸ் குரோய்டன் பஸ் எடுத்தாள். டெனுசன் கதவைத் திறந்து, "அம்மா" என்றான். அவளுக்கு அவன் பெயர் நாக்கு நுனி வரை வந்தது. ஆனால் பழக்கம் விடவில்லை. "தம்பி, மெலிஞ்சு போனாய்" என்றாள். சுவரில் 'ப், க்' என்று சொட்டிய தலைகளைக் கேட்டதும் அது யாரென்று அவளுக்குத் தெரிந்தது. எழுத்து ஒவ்வொன்றையும் பெட்டி இறக்கி வைப்பதுபோல வைக்கிற அந்த அழுத்தம் வேறு யாருக்கும் இல்லை. குசினியில் கேத்தலுக்கு அருகே இருந்த இரண்டு வால்கள் அவளுடைய கோட்டுத் தொப்பிக்குள் ஒட்டிக்கொண்டு பஸ்ஸில் வந்திருந்தன. அவள் கோட்டைக் கழற்றியதும் அவை சுவரில் இருந்த 'ச்'சையும் 'ன்'னையும் போய்ப் பிடித்தன. "சீனி" என்றது அருள்நேசனின் குரல், அறை நடுவில், முழுசாக. தாயும் மகனும் சுவரில் காதை வைத்தார்கள். பிறகு எவ்வளவு நேரம் காத்திருந்தும் அந்தச் சொல் வரவில்லை. தலையும் இல்லை, வாலும் இல்லை. சொல்லி முடிந்த சொல், முடிந்துபோனது.

அதற்குப் பிறகுதான் பியற்றிஸ் உண்மையாகவே பயந்தாள். மகன் வீட்டுக்கு வந்தால் தலைகளும் அவன் பின்னால் வரும். புருஷன் பேசுவதை முழுசாகக் கேட்கலாம், ஒரே ஒருதரம். அதோடு வீடு வெறுமையாகிவிடும். கூப்பிடாமல் விட்டால் அவள் சாகும்வரை பாதிப் புருஷன் கூட இருப்பார். யாரிடம் கேட்பது இதை? சுவாமியிடம் கேட்கிற கேள்வியா? டெனுசனும் போன் எடுத்துக் கூப்பிடவில்லை. அவனுக்கும் இருந்தது அந்தப் பாதிதான். ஒரு தகப்பன் தன்னை வெறுத்துக்கொண்டே செத்தாரா இல்லையா என்று சொல்லாத பாதி. தெரியாமல் இருப்பதில் ஒரு வசதி இருந்தது அவனுக்கு.

தவக்காலத்தின் நடுவில் ஒரு பின்னேரம் பியற்றிஸ் சோபாவைப் பார்த்து, "பிள்ளையைக் கூப்பிடட்டோ?" என்று கேட்டாள். பதில் வரவில்லை. அடுத்த நாளும் வரவில்லை. பதிலுக்குக் காத்திருந்து காத்திருந்தே ஏழு வருடம் ஒரு பிள்ளையைத் தெருவில் விட்டதை நினைத்து அவளுக்குத் தன்மேலேயே ஆத்திரம் வந்தது. கேட்காமலே போன் எடுத்தாள். "ஞாயிற்றுக்கிழமை சாப்பிட வா" என்றாள். "அப்பா விடுவாரோ?" என்று கேட்டான் டெனுசன். "நான் கூப்பிடுறன். அது காணும்" என்றாள்.

ஞாயிறு மத்தியானம் அவன் வாசலில் கால் வைக்கும் முன்பே வீடு பேசத் தொடங்கிவிட்டது. குப்பை வாளியை வெளியில் வை. கதவைப் பூட்டினதோ? மீனுக்குப் புளி காணாது. லைற்றை நூத்துப்போட்டு வா. படிக்கட்டு பேசியது, பின்கதவு பேசியது, பேசி முடிந்த இடமெல்லாம் ஒவ்வொன்றாக அமைதியானது. பியற்றிஸ் ஒரு மூலையில் நின்று எல்லாவற்றையும் கேட்டாள். அவள் செய்து வைத்த அன்பான புருஷன் அதில் எங்கேயும் இல்லை. இருந்தது அவளுக்குக் கலியாணம் செய்து வைத்த மனிதர்தான், சொதிக்கு உப்புக் கூடிவிட்டது என்று முறைப்பாடு சொல்கிறவர். அவள் விம்மி விம்மி அழுதாள். இவரைத்தான் இவ்வளவு நாளும் தேடியிருந்தாள். டெனுசன் ஒவ்வொரு சொல்லுக்கும் முகத்தை நிமிர்த்தினான், ஒவ்வொரு சொல் முடியவும் குனிந்தான். அவனைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. சாப்பாட்டை மேசையில் வைத்தபோது கீழ்வீடு முழுக்க அடங்கியிருந்தது. அவன் கோட்டைத் தேடினான்.

அப்போது மேலே சின்ன அறையில் அருள்நேசன் கூப்பிட்டார். "டெனுசன்" என்றார். கோபமில்லை, சோறு ஆறுகிறது, வா என்கிற குரல்தான். டெனுசன் படியேறிப் போய் அறைக் கதவைத் திறந்தான். கட்டில் அவன் விட்டுப்போனபடியே இருந்தது. "டெனுசன்" என்று திரும்பவும் வந்தது. ஏழு வருடத்துப் பின்னேரங்கள் எல்லாம் அங்கே கிடந்தன, ரேடியோச் சத்தத்துக்கு அடியில் ஒருவருக்கும் கேட்காமல் சொன்ன அந்த ஒரே பெயர், ஒன்று முடிய ஒன்றாக. அவன் ஒன்றையும் தவறவிடவில்லை. ஒவ்வொன்றுக்கும், "வாறன் அப்பா" என்று பதில் சொன்னான். யன்னலில் வெளிச்சம் குறைந்தது, தெருவில் ஆட்கள் வேலையால் வந்து கார் நிறுத்தினார்கள், பக்கத்து வீட்டில் குழந்தை குளித்தது. பியற்றிஸ் கீழே கறியை இரண்டு தரம் சூடாக்கினாள். பெயர் நின்றதும் டெனுசன் கட்டில் விரிப்பை ஒருதரம் நீவிவிட்டான். பிறகு இன்னும் ஒருதரம், "வாறன் அப்பா" என்று சொல்லிவிட்டுச் சாப்பிடக் கீழே இறங்கி வந்தான்.