மெர்வ் கேட்காத மலர்வளையம்

செப்டம்பரில் சுற்றுலாப் பேருந்து வந்தால்தான் குர்ராபின் ஊரில் கிளெனிஸின் தேநீர்க்கடை அடுத்த செப்டம்பர்வரை மூச்சுவிடும். பேருந்து வருவது அவள் சுடும் கேக்குக்காக அல்ல, வளையப்பூவுக்காக. நடுவில் பச்சை, சுற்றிலும் இளஞ்சிவப்பு. இழவு வீட்டு மலர்வளையத்தை யாரோ தரையில் போட்டுவிட்டுப் போனதுபோல் செடியே வட்டமாகப் பூக்கும். இந்த வட்டாரத்துச் செம்மண் சாலையோரத்தை விட்டால் உலகத்தில் வேறெங்கும் கிடையாது.

அதைக் காப்பாற்றத்தான் கட்டின புருஷனோடேயே அவள் மல்லுக்கு நின்றாள். மெர்வ் ஊர்க் கவுன்சிலுக்காக, மண்சாலையைச் சமப்படுத்தும் கிரேடர் வண்டி ஓட்டியவன். சாலையோரத்தை வருஷாவருஷம் சுரண்டுவது அவன் வேலை. இரண்டு வருஷத்துக்கு முன் ஒருநாள் கிரேடருக்கு முன்னால் நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டாள்.

"எந்திரிடி! வெறும் களைக்கா இந்தக் கூத்து?"

"உன் மூஞ்சிதான்யா களை!"

கவுன்சில் பயந்துபோய் வேலி போட்டது. மெர்வ் சாகும்வரை கறுவிக்கொண்டிருந்தான். "செத்த பிறகு எம்மேல ஒரு பூ விழுந்துச்சு, எந்திரிச்சு வந்துருவேன்" என்றான். அதனால் போன வருஷம் அவனைப் புதைத்தபோது தலைமாட்டில் பீர் பாட்டில் நட்டாள், பூ வைக்கவில்லை.

இப்போது பேருந்து வந்து நிற்கிறது. வேலிக்குள் இடுப்புயரப் புல். பூ என்று பேருக்குக்கூட ஒன்றில்லை.

"என்னக்கா இது, மாடு மேய்க்கவா கூட்டியாந்தேன்?" என்றான் ஓட்டுநர் ஷேன். "அடுத்த தடவ பக்கத்து ஊருக்குத்தான் வண்டிய விடணும்."

கிளெனிஸ் வேலிக்குள் கைவிட்டுப் புல்லை விலக்கிப் பார்த்தாள். கடை போச்சு.

அப்போது, எதிரே கல்லறைத் தோட்டத்துப் பக்கம் ஒதுங்கப் போன பேருந்துக் கிழவர் ஒருவர், ஜிப்பைக்கூடப் போடாமல் கத்தினார்: "இங்க வாங்க! இங்க கெடக்கு!"

எல்லோரும் ஓடினார்கள். மெர்வின் குழிமேல், பீர் பாட்டிலைச் சுற்றி, தட்டுத் தட்டாக வளையப்பூ. பக்கத்துப் பழைய கல்லறைகளில் ஒன்றுகூட இல்லை. மண்ணைக் கிளறினால்தான் பூக்கும் சனியன் அது! காப்பாற்றுகிறேன் என்று வேலி போட்டு அவள் கொன்றிருக்கிறாள். ஒழித்துக்கட்டுகிறேன் என்று நினைத்து அவன் இத்தனை வருஷம் வளர்த்திருக்கிறான்.

"யாரோ ரொம்ப ஆசையா வளத்திருக்காங்க" என்றாள் கேமராவோடு மண்டியிட்ட ஓர் அம்மாள்.

கிளெனிஸ் விழுந்து விழுந்து சிரித்தாள். சிரித்த வாயிலேயே அழுகையும் வந்துவிட்டது. மூக்கை ஏப்ரனில் துடைத்துக்கொண்டு பாட்டிலின் அருகே குனிந்தாள்.

"பூ விழுந்தா எந்திரிச்சு வருவேன்னியே, வாய்யா. வேலிய நானே பிடுங்குறேன். கிரேடர் ஓட்டத்தான் ஆளில்ல."