வேறு கடைக் கண்ணாடி

1

முதலில் ஓர் ஒப்புதல். இந்தக் கதை என்னுடையதல்ல. என் கண்ணைச் சோதித்த கண்ணாடிக் கடைக்காரர் சொன்னது. சொல்லி முடித்ததும், "எழுதிடாதீங்க" என்றார். தலையாட்டிவிட்டு வந்து எழுதுகிறேன்.

2

அவர் நல்ல மனிதர்தான், ஆனால்—

(அடித்துவிட்டேன். அந்த 'நல்ல மனிதர்தான்' அவருக்கு வக்காலத்து வாங்குகிறது.)

நடந்தது இது. அவர் மனைவி இரண்டு வருடமாகத் தலைவலி என்று சொல்லிக்கொண்டிருந்தாள். ஞாயிற்றுக்கிழமை கடைக்கு வா, பார்க்கலாம் என்பார். அந்த ஞாயிறு வரவேயில்லை. கடைக்கு வாராவாரம் ஒரு பாட்டு டீச்சர் வந்தாள். கண்ணாடிக் கால் லூசாகிவிட்டது என்பாள். ஆகியிருக்காது. அவரும் அதைச் சொல்லாமல் திருகாணியை முடுக்கி, அவள் காதோரம் மெதுவாக மாட்டிவிடுவார். சனிக்கிழமை மத்தியானம் வீட்டில் யாரும் இருக்கமாட்டார்கள், வாங்களேன் என்றாள் ஒருநாள். சரி என்றார்.

3

வெள்ளிக்கிழமை சாயங்காலம் வீட்டுக்குப் போனால், மனைவி புதுக் கண்ணாடி போட்டுக்கொண்டு துணி மடித்துக்கொண்டிருக்கிறாள். அவர் கடைச் சரக்கு இல்லை. எங்கே வாங்கினாய் என்று கேட்டார்.

"மார்க்கெட் பக்கத்துக் கடையில. அரைமணி நேரம் உக்கார வச்சுப் பார்த்தாரு. எப்பலேர்ந்து வலிக்குதுன்னு கேட்டாரு."

இருட்டறையில் முழங்காலுக்கு முழங்கால் உட்கார்ந்து, இது தெளிவா, அது தெளிவா என்று எவனோ அவளிடம் பொறுமையாகக் கேட்டிருக்கிறான். அன்று சாப்பாடு இறங்கவில்லை.

(இங்கே இரண்டு நாள் எழுதாமல் இருந்தேன். மறுநாள் இன்னொருத்தி வீட்டுக்குப் போகப்போகிறவருக்குப் பொறாமை ஒரு கேடா என்று ஆத்திரம். பிறகு, என் மனைவி கடைசியாக எதற்கு டாக்டரிடம் போனாள் என்று யோசித்தேன். தெரியவில்லை. தொடர்ந்தேன்.)

4

சனிக்கிழமை அவர் போகவில்லை. கடையைப் பூட்டிவிட்டு நேரே வீட்டுக்கு வந்து, பாட்டு டீச்சரைப் பற்றியும், போக இருந்ததைப் பற்றியும் மனைவியிடம் சொல்லிவிட்டார். நீ இல்லாவிட்டால் எனக்கு ஒன்றுமில்லை என்றும் சொன்னாராம். அவர் முடித்ததும் அவள் கேட்டாள்:

"அந்த டீச்சர் தலைவலின்னு சொல்லியிருந்தா, ரெண்டு வருஷம் ஆக்கியிருப்பீங்களா?"

இதற்குமேல் அவர் என்னிடம் சொல்லவில்லை. சோதனைக் கண்ணாடியை என் மூக்கில் மாட்டி, கீழ்வரியைப் படிக்கச் சொன்னார்.

மனைவி மன்னித்ததாக ஒரு முடிவு எழுதினேன். அப்புறம், அவள் பெட்டியை எடுத்துக்கொண்டு தங்கை வீட்டுக்கு— வேண்டாம். எதை எழுதினாலும் அவர் பதில் சொல்லாமல் நழுவிவிடுகிறார்.

ஆகவே அந்தக் கேள்வியை அப்படியே உங்களிடம் விடுகிறேன். பதில் தெரிந்தால் எனக்கு எழுத வேண்டாம். எழுந்துபோய், பக்கத்து அறையில் இருப்பவரிடம் சொல்லுங்கள்.